எழுதாமல் விட்டால் விபத்து

சென்னை ராஜீவ் காந்தி சாலையில் ஓர் அலுவலகம். மேசைக்கு இரண்டு திரைகள். இடது திரையில் அமெரிக்க மருத்துவமனை ஒன்றின் அவசர சிகிச்சைப் பிரிவிலிருந்து வந்த சார்ட், வலது திரையில் குறியீட்டுப் பட்டியல். சிகிச்சைக் குறிப்புகளைக் குறியீட்டு எண்களாக மாற்றும் இந்த நகரத்தின் மெடிக்கல் கோடர்கள் நாள்தோறும் பார்க்கும் சார்ட்களில் இப்படி ஒன்று வந்தால் என்ன ஆகும் என்று எண்ணிப் பார்க்கலாம். நோயாளிக்கு வயது 24. வலது கண்குழி எலும்பில் முறிவு. இடது முன்கையில் கோடு கோடாகக் கன்றிய தடங்கள், முகத்தைக் காக்கக் கையை உயர்த்துகிறவருக்கு விழும் தடங்கள். டாக்டர் எழுதியிருப்பது ஒரே வரி: தடியால் முகத்தில் அடிபட்டதாகக் கூறுகிறார். நர்ஸின் குறிப்பில் இன்னொரு வரி: கையில் விலங்கு, கட்டிலருகே இரண்டு அதிகாரிகள்.

தடி யார் கையில் இருந்தது? சார்ட் சொல்லவில்லை. விலங்கையும் அதிகாரிகளையும் வைத்து யாரும் ஊகித்துவிடலாம். கோடர் மட்டும் ஊகிக்கக் கூடாது. எழுதியிருப்பதற்கு மட்டுமே எண் கொடுக்க வேண்டும், எழுதப்படாதது நடக்கவே இல்லை என்பது இந்தத் தொழிலில் முதல் நாள் கற்றுத்தரும் பாடம். எலும்பு முறிவுக்கு உரிய எண் சரியாக விழுந்துவிடும், அதற்குரிய பணமும் மருத்துவமனைக்குப் போய்ச் சேரும். எப்படி அடிபட்டது என்பதற்கும் ஓர் எண் போட்டால், இந்த ஒற்றை வரிக்கு வரக்கூடிய எண் 'பொருள் மோதியதால் ஏற்பட்ட காயம்' என்ற டபிள்யூ22. அது விபத்துகளின் வரிசை.

'அடிபட்டது' என்பது தமிழில் வசதியான சொல். அடித்தவர் இல்லாமலே வாக்கியம் முடிந்துவிடும். ஆங்கில மருத்துவக் குறிப்பின் செயப்பாட்டு வினையிலும் அதே வசதி இருக்கிறது. காவல்துறையின் கையால் காயம்பட்டவர்கள் ஒரு நாட்டின் கணக்கிலிருந்து காணாமல் போவது பெரும்பாலும் இந்த வசதியால்தான் என்பதே இந்தக் கட்டுரையின் வாதம்.

எண் இருக்கிறது

அமெரிக்க மருத்துவமனைகள் 2015 அக்டோபர் 1 முதல் ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க் குறியீட்டு முறையைப் பயன்படுத்துகின்றன. உலக சுகாதார நிறுவனத்தின் பட்டியலை அமெரிக்கா தன் தேவைக்கு விரித்துக்கொண்ட வடிவம் அது. அதில் ஒய்35 என்ற பிரிவுக்குப் பெயர் 'சட்டரீதியான தலையீடு'. காவலர் பணியில் இருந்தாலும் இல்லாவிட்டாலும், சட்ட அமலாக்க அதிகாரி ஒருவரை எதிர்கொண்டதில் ஏற்பட்ட எந்தக் காயமும் இதில் அடங்கும். காயம்பட்டவர் அதிகாரியாகவே இருந்தாலும் இதே பிரிவுதான். அதனால், போலீஸுக்கு எதிராக உருவாக்கிய பிரிவு என்று இதை யாரும் சொல்ல முடியாது.

[பெட்டி] ஒரு குறியீட்டைப் பிரித்துப் படித்தால்
*ஒய்35.313ஏ*
ஒய்35 – சட்ட அமலாக்கத்தின்போது ஏற்பட்ட காயம்
.3 – மழுங்கிய பொருளால்
1 – அந்தப் பொருள் போலீஸ் தடி
3 – காயம்பட்டவர் 'சந்தேக நபர்' (அதிகாரி என்றால் 1, அருகில் நின்றவர் என்றால் 2, குறிப்பிடப்படாதவர் என்றால் 9)
ஏ – காயத்துக்கான முதற்கட்ட சிகிச்சை (தொடர் சிகிச்சை என்றால் டி, நீண்டகாலப் பின்விளைவு என்றால் எஸ்)

ஓர் எண்ணுக்குள் இவ்வளவு செய்தி அடங்குகிறது. ரப்பர் குண்டுக்கு எண் உண்டு, கண்ணீர்ப்புகைக்கு உண்டு. இயந்திரத் துப்பாக்கி, டைனமைட், பேயனெட் ஆகியவற்றுக்கும் தனித்தனி எண்கள் உண்டு. வேலைநிறுத்தக்காரர்களைத் துப்பாக்கிமுனைக் கத்தியால் கலைத்த காலத்தின் நினைவு அந்த எண்களில் தங்கியிருக்கிறது. ஆனால் டேசர் என்ற மின்னதிர்ச்சிக் கருவிக்கு இந்தப் பிரிவில் தனி எண் கிடைத்தது 2019 அக்டோபரில்தான். அதற்குள் அமெரிக்கக் காவலர்களின் இடுப்பில் அந்தக் கருவி ஏறி ஏறத்தாழ இருபது ஆண்டுகள் ஆகிவிட்டன. போலீஸ் நாய் கடித்தால் போட இன்றும் இதில் தனி எண் இல்லை. 'பிற வழிகள்' என்ற பொதுக்கூடையில் போட வேண்டும், அல்லது தெருநாய்க்கும் வீட்டு நாய்க்கும் உரிய நாய்க்கடி எண்ணோடு கதை முடிந்துவிடும். கழுத்தில் முழங்காலை வைத்து அழுத்துவதற்கும் தனி எண் கிடையாது. ஒரு சமூகம் எதை எண்ண விரும்பியது, எதை எண்ணத் தாமதித்தது என்பதைப் பட்டியலே காட்டிக்கொடுக்கிறது.

மௌனத்துக்கும் ஓர் எண்

இவ்வளவு நுணுக்கமான எண்கள் இருந்தும் ஏன் பயன்படவில்லை? அதிகாரப்பூர்வக் கோடிங் வழிகாட்டியிலேயே மூன்று பதில்கள் இருக்கின்றன. முதலாவது, காயத்தின் புறக்காரணத்துக்கு எண் போட வேண்டும் என்ற தேசிய அளவிலான கட்டாயம் எதுவும் இல்லை. மாநிலச் சட்டமோ காப்பீட்டு நிறுவனமோ கேட்டால் உண்டு. மற்றபடி அவரவர் விருப்பம். இரண்டாவது, புறக்காரண எண் ஒருபோதும் முதன்மை எண்ணாக வரக் கூடாது. அதாவது, பணம் வருவது எலும்பு முறிவுக்கு. எலும்பை முறித்தது யார் என்பதற்குத் தனியாக ஒரு டாலரும் வராது. மணிக்கு இத்தனை சார்ட் என்று டார்கெட் வைத்து ஓடும் தொழிலில், பணம் தராத எண்ணுக்காக டாக்டருக்கு கொயரி அனுப்பிப் பதிலுக்குக் காத்திருக்க யாருக்கு நேரம் இருக்கும்? குற்றம் கோடருடையது என்று சொல்வது நியாயமாகாது. வேலையை அப்படி வடிவமைத்தவர்கள் அவர்கள் அல்ல.

மூன்றாவது விதிதான் என்னைப் பொறுத்தவரை எல்லாவற்றின் ஆணிவேர். காயத்துக்குப் பின்னால் இருந்த நோக்கம் தெரியவில்லை, அல்லது எழுதப்படவில்லை என்றால், அதை விபத்தாகவே பதிவு செய்ய வேண்டும் என்கிறது வழிகாட்டி. 'நோக்கம் தீர்மானிக்க இயலாதது' என்று ஒரு தனி வரிசை இருக்கிறது. ஆனால் தீர்மானிக்க இயலவில்லை என்று சார்ட்டில் யாராவது வெளிப்படையாக எழுதியிருந்தால்தான் அதைத் தொடலாம். வெறும் மௌனம் அந்தக் கணக்கில் சேராது. எழுதாமல் விட்ட இடம் வெற்றிடமாக நிற்கும் என்று டாக்டர் நினைக்கலாம். அது வெற்றிடமாக நிற்பதில்லை; 'விபத்து' என்ற சொல் அங்கே தானாக வந்து உட்கார்ந்துகொள்கிறது. பிறகு அந்தத் தரவை எடுத்து ஆராய்பவர் கண்ணுக்கு அது சந்தேகத்துக்கு இடமில்லாத ஒரு விபத்து.

ஏணியிலிருந்து விழுந்தவர்களின் கணக்கில் இந்த விதி பெரிய தீங்கு செய்யாது. பேசாமல் இருக்க நோயாளிக்கும் மருத்துவமனைக்கும் வலுவான காரணம் இருக்கும் இடத்தில்தான் விதி ஒரு பக்கமாகச் சாய்கிறது. விலங்கோடு கிடப்பவர், அடித்தவர் கட்டிலருகே நிற்கும்போது, யார் அடித்தது என்று சொல்வாரா? கத்திக்குத்துப்பட்டவர்களையும் குடித்துவிட்டு ரகளை செய்பவர்களையும் சமாளிக்கத் தினமும் அதே காவலர்களின் உதவியை நாடும் டாக்டர் அதை வலிந்து கேட்பாரா? இரு பக்கமும் வாய் மூடியிருக்க, விதி மூன்றாவதாகச் சேர்ந்துகொள்கிறது.

பாதிக்கு மேல் காணவில்லை

இறந்தவர்கள் விஷயத்தில் இதன் விளைவை ஏற்கெனவே அளந்திருக்கிறார்கள். அமெரிக்க மரணச் சான்றிதழில் மரணத்தின் தன்மை என்ற கட்டத்தில் இயற்கை, விபத்து, தற்கொலை, பிறரால் நேர்ந்த மரணம், விசாரணையில், தீர்மானிக்க இயலாதது என்று சில தேர்வுகள் மட்டுமே. காவல்துறைக்கென்று கட்டம் இல்லை. 'காயம் எப்படி ஏற்பட்டது' என்ற சிறு இடத்தில் போலீஸ் என்ற சொல்லை மருத்துவ ஆய்வாளரோ, கொரோனர் எனப்படும் மரண விசாரணை அதிகாரியோ எழுதினால்தான் அந்த மரணம் ஒய்35-க்குப் போகும். 'பிறரால் சுடப்பட்டார்' என்று மட்டும் எழுதினால் அது சாதாரணக் கொலை வரிசையில் எக்ஸ்95-இல் போய்ச் சேரும். பெரும்பாலும் மென்பொருளே எண் போடும் இடத்தில் விசாரிக்க ஆளில்லை.

2015-இல் கார்டியன் நாளிதழ், போலீஸ் கையால் இறந்தவர்களைச் செய்திகளிலிருந்து ஒவ்வொருவராகத் திரட்டியது. அந்தப் பட்டியலையும் அரசின் மரணப் பதிவையும் ஹார்வர்டு ஆய்வாளர்கள் பெயர் பெயராக ஒப்பிட்டார்கள். 2017-இல் வெளியான முடிவு: அந்த ஓராண்டில் இறந்தவர்கள் சுமார் 1,166 பேர், செய்தித்தாள் பிடித்தது 93 சதவீதம், அரசு பிடித்தது 45 சதவீதம். துப்பாக்கியால் அல்லாமல் டேசர் போன்றவற்றால் நேர்ந்த மரணங்களிலும், வருமானம் குறைந்த மாவட்டங்களிலும் பிழை இன்னும் அதிகம். நாடு முழுவதும் ஒவ்வொரு மரணத்துக்கும் படிவம் நிரப்பும் அரசை, ஒரு செய்தி அறையின் சில மேசைகள் தோற்கடித்தன. செய்தித்தாள்களிடம் தன்னைவிட நல்ல கணக்கு இருப்பது வெட்கக்கேடு என்ற பொருளில் அப்போதைய எஃப்பிஐ இயக்குநர் ஜேம்ஸ் கோமி 2015-லேயே பேசினார். எஃப்பிஐ தன் சொந்தக் கணக்கெடுப்பை 2019 ஜனவரியில் தொடங்கியது. அதில் சேர்வதும் காவல் துறைகளின் விருப்பம்தான்.

[பெட்டி] எண்கள்
30,800 – 1980 முதல் 2018 வரை அமெரிக்காவில் போலீஸ் வன்முறையால் இறந்தவர்கள் என்று 2021-இல் லான்செட் இதழில் வந்த ஆய்வின் மதிப்பீடு.
17,100 – அவர்களில் அரசின் மரணப் பதிவில் அப்படிக் குறிக்கப்படாதவர்கள். அதாவது 55.5 சதவீதம். கறுப்பின மக்களில் இது ஏறக்குறைய 60 சதவீதம்.
3,55,677 – 2006 முதல் 2012 வரை போலீஸ் நடவடிக்கையில் காயம்பட்டு அமெரிக்க அவசர சிகிச்சைப் பிரிவுகளுக்கு வந்த வருகைகள் என்று மருத்துவமனைக் குறியீடுகளிலிருந்து கணித்த எண்ணிக்கை.

ஒரு வரி எழுதப்படுவதற்கும் எழுதப்படாததற்கும் உள்ள தூரத்தை மினியாபொலிஸ் காட்டியது. 2020 மே 25 இரவு ஜார்ஜ் ஃப்ளாய்ட் இறந்ததும் நகரக் காவல்துறை வெளியிட்ட முதல் அறிக்கை, போலீஸ் சந்திப்பின்போது மருத்துவப் பிரச்சினை ஏற்பட்டு ஒருவர் இறந்தார் என்றது. ஒரு வாரம் கழித்து ஹென்னபின் மாவட்ட மருத்துவ ஆய்வாளரின் முடிவில் அதிகாரிகள் அடக்கிப் பிடித்ததும் கழுத்தை அழுத்தியதும் சொல்லால் எழுதப்பட்டிருந்தன. பிறரால் நேர்ந்த மரணம் என்றும் இருந்தது. நடுவே ஒரு பள்ளி மாணவி எடுத்த வீடியோவை உலகமே பார்த்திருந்தது. வீடியோ இல்லாத மரணங்களின் கதையை மேரிலாந்து சொல்கிறது. 2003 முதல் 2019 வரை அந்த மாநிலத்தில் காவலர்கள் அடக்கிப் பிடித்தபோது நேர்ந்த 87 மரணங்களை, வேறு மாநிலங்களைச் சேர்ந்த தடயவியல் மருத்துவர்கள் மறுபடி படித்தார்கள். 2025 மே மாதம் முடிவு வந்தது. விபத்து, இயற்கை மரணம், தீர்மானிக்க இயலாதது என்றெல்லாம் முடித்து வைக்கப்பட்டவற்றில் 36 மரணங்கள் பிறரால் நேர்ந்தவை என்று அவற்றைப் படித்த மூன்று மதிப்பீட்டாளர்களும் ஒருமனதாகச் சொன்னார்கள். இத்தகைய மரணங்களுக்கு அமெரிக்காவில் பல ஆண்டுகள் எழுதப்பட்டு வந்த ஒரு காரணத்தின் பெயர் 'எக்சைட்டட் டெலிரியம்', அதாவது வெறிகொண்ட நிலையில் உடல் தானே நின்றுபோயிற்று என்பது. 2023-இல் அமெரிக்க அவசர மருத்துவர் கல்லூரி அந்தக் கருத்தை ஆதரித்த தன் 2009 அறிக்கையைத் திரும்பப் பெற்றது. ஆனால் அந்தப் பெயரில் பதிவான மரணங்கள் அந்தந்த எண்களிலேயே இன்னும் கிடக்கின்றன.

சாகாதவர்களின் கணக்கு

மரணத்தைக் கணக்கெடுக்கப் பத்திரிகைகள் இருக்கின்றன. பிழைத்தவர்களுக்கு யார் இருக்கிறார்கள்? தாடை உடைந்தவர், ரப்பர் குண்டில் ஒரு கண்ணை இழந்தவர், முறுக்கிய தோள் மீண்டும் பழையபடி உயராத தொழிலாளி ஆகியோர் செய்தியாவதில்லை. பெட்டியில் உள்ள மூன்றாவது எண்ணை ஏழு ஆண்டுகளுக்கு வகுத்தால் ஆண்டுக்குச் சுமார் 51,000 வருகைகள். ஆண்டுக்கு ஆயிரத்தை ஒட்டிய மரணங்களோடு வைத்துப் பார்த்தால், நாம் விவாதிப்பது மேலே தெரியும் ஒரு கைப்பிடியைத்தான். அந்த 51,000-மும் யாரோ ஒரு டாக்டர் போலீஸ் என்று எழுதி, யாரோ ஒரு கோடர் அதற்கு எண் போட்டதால் தெரியவந்தவை மட்டுமே. சாவுக் கணக்கிலேயே பாதிக்கு மேல் தவறியிருக்கும்போது, யாரும் விசாரிக்காத காயக் கணக்கு அதைவிடச் சுத்தமாக இருக்கும் என்று நம்புவதற்கு எனக்கு ஒரு காரணமும் தெரியவில்லை.

இப்படி எண்ணாமல் விடுவதன் விளைவைக் கொள்கை அளவில் பார்க்க வேண்டும். எந்த ஊரில் தடியடிக் காயங்கள் கூடுகின்றன, டேசர் வந்த பிறகு எலும்பு முறிவு குறைந்ததா, கைது செய்யும் முறையை மாற்றிய நகரத்தில் காவலர்களுக்கும் காயம் குறைந்ததா என்பவை அரசியல் கேள்விகளாக மட்டுமே இருந்துவருகின்றன. விடை சொல்லும் தரவு மருத்துவமனைக் கணினியில் தூங்குகிறது. சீட் பெல்ட்டும் ஹெல்மெட்டும் சட்டமானது, சாலைக் காயங்களை எங்கே, எதில், எப்படி என்று விடாமல் எண்ணியதால்தான். ஐசிடியில் சாலை விபத்துக்கு இருக்கும் எண்களின் விரிவைப் பார்த்தால் தெரியும்: ஓட்டினவரா, பின்னால் உட்கார்ந்தவரா, மோதியது லாரியா, பிராணியா என்பது வரை கேட்கிறார்கள்.

டாக்டர் நீதிபதியா?

எதிர்வாதங்கள் உண்டு, அவற்றில் வலுவானவையும் உண்டு. முதலாவது, யார் அடித்தது என்று தீர்ப்புச் சொல்வது டாக்டரின் வேலையா என்பது. இல்லை. ஆனால் ஒய்35 தீர்ப்பு அல்ல. அடித்தது சரியா தவறா, சட்டப்படியா மீறியா என்று அது சொல்வதே இல்லை. 'போலீஸ் தடியால் அடித்ததாக நோயாளி கூறுகிறார்' என்று எழுதினால் டாக்டர் கேட்டதைப் பதிவு செய்கிறார், அவ்வளவுதான். நெஞ்சு வலிக்கிறது என்று நோயாளி சொல்வதை எழுதும்போது டாக்டர் சாட்சி தேடுகிறாரா? குழந்தைகள் மீதான வன்முறையில் 'உறுதியானது', 'சந்தேகிக்கப்படுவது' என்று இரண்டு தனி வரிசைகளை இதே குறியீட்டு முறை வைத்திருக்கிறது. உறுதி இல்லாத இடத்திலும் மௌனம் காக்காமல் எழுத வழி உண்டு என்று ஐசிடிக்குத் தெரியும். அந்த வழியை இங்கேயும் திறக்கலாம்.

இரண்டாவது வாதத்தை என்னால் அவ்வளவு எளிதாகத் தள்ள முடியவில்லை. 'சந்தேக நபர்' என்ற சொல் ஒருவரின் மருத்துவப் பதிவில் ஏறிவிட்டால், வழக்கே பதியாமல் வெளியே வந்த பிறகும் அது அங்கேயே இருக்கும். அடுத்த மருத்துவமனையில் அவரைப் பார்க்கும் கண் மாறலாம், காப்பீட்டு நிறுவனம் அதை வைத்துக் கேள்வி கேட்கலாம். பிரிவின் தலைப்பே 'சட்டரீதியான' என்று தொடங்குவதும் சிக்கல்தான். சட்டத்தை மீறி அடித்ததும் அதே தலைப்பின் கீழ் வருகிறது. நோயாளியைக் காக்க நினைத்து எழுதாமல் விடும் டாக்டர்கள் இருப்பார்கள் என்றால் அவர்கள் அச்சத்தில் நியாயம் இருக்கிறது. அதற்குத் தீர்வு பெயரை மாற்றுவது. 'சந்தேக நபர்' என்பதை 'காவல்துறை நடவடிக்கைக்கு உள்ளானவர்' என்று மாற்றினால் எண்ணுக்கு ஒன்றும் குறைந்துவிடாது. 2019-இல் 'குறிப்பிடப்படாத நபர்' என்ற தேர்வு சேர்ந்தபோது பாதி வழி திறந்தது, மீதியையும் திறக்கலாம். பெயர் கூசுகிறது என்பதற்காகக் காயத்தையே மறைப்பது நோயாளிக்கும் உதவாது.

மூன்றாவது, காவல்துறையே தன் பலப்பிரயோகத்தைப் பதிவு செய்கிறதே, மருத்துவமனைக்கு இது ஏன் என்பது. அடித்தவர் எழுதும் கணக்கை மட்டும் வைத்து அடியை அளக்க முடியாது என்பதே போதிய பதில். கலிபோர்னியா 2016 முதல் கடுமையான காயங்களையும் மரணங்களையும் அறிக்கையிடும்படி காவல் துறைகளைச் சட்டத்தால் கட்டாயப்படுத்தியிருக்கிறது, நல்ல சட்டம். அதன் எண்ணிக்கையை மருத்துவமனை எண்ணிக்கையோடு சரிபார்க்க முடிந்தால்தான் இரண்டுக்கும் மதிப்பு. அவசர சிகிச்சைப் பதிவுத் திரையில், காயம் என்று தேர்ந்தெடுத்ததும் 'யாரால்' என்று ஒரு கட்டாயக் கேள்வி வந்து நிற்பது பெரிய செலவு இல்லை. 'சொல்ல மறுத்தார்', 'கேட்க இயலவில்லை' என்பவையும் அதில் பதில்களாக இருக்கட்டும். அப்போது மௌனம் விபத்தாக மாறாது, மௌனமாகவே பதிவாகும்.

ஏ.ஆர். காப்பியில் இல்லாத கேள்வி

அமெரிக்க சார்ட்டுக்குச் சென்னையில் எண் போடும் ஒருவருக்கு இந்தக் கதை அந்நியமாக இருக்காது. நம் அரசு மருத்துவமனைகளில் அடிபட்டு வருகிறவர்களுக்குப் போடும் பதிவேட்டுக்குப் பெயரே ஆக்சிடென்ட் ரெஜிஸ்டர். அடிதடியில் வந்தவரும் ஏ.ஆர். காப்பிக்குத்தான் அலைய வேண்டும். 'தெரிந்த நபர்கள் இருவர் கையால் தாக்கியதாகக் கூறுகிறார்' என்று அதில் எழுதும் வழக்கம் உண்டு. தாக்கியவர் பக்கத்து வீட்டுக்காரர் என்றால் அந்த வரி தயங்காமல் விழுகிறது. காவல் நிலையத்திலிருந்து வருகிறவர்களுக்கு நாம் கேட்டுப் பழகிய வரி வேறு: பாத்ரூமில் வழுக்கி விழுந்து கை முறிந்தது. அதை யாராவது ஐசிடியில் போட்டால், வழுக்கி விழுதலுக்கு உரிய டபிள்யூ வரிசையில் விபத்தாகக் குந்திக்கொள்ளும்.

2020 ஜூன் 19 மாலை சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் காவல் நிலையத்தில் பிடித்துவைக்கப்பட்டார்கள். அவர்கள் தரையில் உருண்டு புரண்டதில் உள்காயம் ஏற்பட்டது என்றது போலீஸின் முதல் தகவல் அறிக்கை. மறுநாள் அரசு மருத்துவமனையில் சிறைக்கு அனுப்பத் தகுதிச் சான்று கிடைத்தது. ஜூன் 22 இரவு மகனும் 23 காலை தந்தையும் இறந்தார்கள்.

சட்டம் இந்த இடத்தில் ஊமையாக இல்லை. 1996-இல் டி.கே.பாசு வழக்கில் உச்ச நீதிமன்றம், கைதானவர் கேட்டால் உடலில் உள்ள பெரிய காயம், சிறிய காயம் எல்லாவற்றையும் குறித்து, அதில் அவரும் அதிகாரியும் கையெழுத்திட்டு, நகலை அவரிடம் தர வேண்டும் என்றது. கைது செய்த தேதியும் நேரமும் எழுதிய குறிப்பாணையையும் கட்டாயமாக்கியது. கைதானவரைப் பரிசோதிக்கும் டாக்டர் காயங்களையும் வன்முறைத் தடங்களையும் எழுத வேண்டும், அவை சுமாராக எந்த நேரத்தில் ஏற்பட்டிருக்கலாம் என்பதையும் எழுத வேண்டும் என்று பழைய குற்ற நடைமுறைச் சட்டத்தின் 54-வது பிரிவு சொன்னது. இப்போதைய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 53-வது பிரிவும் அதையே சொல்கிறது. யாரால் என்ற கேள்வி இரண்டிலும் இல்லை. ஆனால் எப்போது என்ற கேள்விக்கு ஒரு டாக்டர் கன்றலின் நிறத்தையும் வீக்கத்தையும் பார்த்து நேர்மையாகப் பதில் எழுதி, அதைக் கைதுக் குறிப்பாணையில் உள்ள நேரத்தோடு ஒருவர் பக்கத்தில் வைத்துப் படித்தால், 'யாரால்' என்ற கட்டம் தேவைப்படாது. சாத்தான்குளத்தில் கைதுக்கும் தகுதிச் சான்றுக்கும் நடுவே இருந்தது ஓர் இரவு.